ரச வாளியும் கறுப்பு பார்டரும்

நான் ஆறாவது முடிக்கவில்லை. அதில் எனக்கு ஒரு வருத்தமும் கிடையாது. தாம்பரத்திலிருந்து பல்லாவரம் வரை, ஜி.எஸ்.டி. ரோட்டின் இரண்டு பக்கமும், எந்த வீட்டுக் குளியலறையிலாவது தண்ணீர் தேங்காமல் நேராக வடிகால் ஜாலியைப் பார்த்து ஓடுகிறது என்றால், அந்தத் தரையை நான் போட்டிருப்பேன், அல்லது என்னிடம் வேலை பழகியவன் போட்டிருப்பான். அனகாபுத்தூர் சந்தில், மழைக்காலத்தில் கட்டில் மேல் கட்டில் போட்டு ஏறி உட்கார்ந்த குடும்பம் எங்களுடையது. இன்று குரோம்பேட்டையில் என் டைல்ஸ் கடைக்கு முன்னால் கார் நிறுத்த இடம் கிடைக்காமல் வாடிக்கையாளர்கள் சண்டை போடுகிறார்கள். யாரும் எனக்குத் தூக்கிக் கொடுக்கவில்லை.

இன்னொரு விஷயத்தையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். எனக்கு நல்லது செய்தவர்களை நான் மறப்பதில்லை. என்னைப் பார்த்துச் சிரித்தவர்களை அதைவிட நன்றாக ஞாபகம் வைத்திருப்பேன்.

அப்படி ஞாபகம் வைத்திருந்தவர்களில் முதல் ஆள் என் சம்பந்தி.

என் ஒரே மகளுக்கு ராஜகீழ்ப்பாக்கத்தில் வரன் வந்தது. பையன் தங்கமான பையன், அவனைப் பற்றி இன்றுவரை எனக்கு ஒரு குறையும் இல்லை. அவனைப் பெற்றவர் ஒரு கம்பெனியில் ஸ்டோர் கீப்பராக இருந்து ஓய்வு பெற்றவர். பத்தாவது வரை படித்தவர்தான். ஆனால் நடை, பேச்சு, கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கிப் பார்க்கிற பார்வை எல்லாம் ஏதோ பல்கலைக்கழகத்தையே கட்டி ஆண்டவர் மாதிரி இருக்கும்.

பெண் வீட்டார் மாப்பிள்ளை வீட்டில் கை நனைப்பது என்று எங்களில் ஒரு வழக்கம் உண்டு. பேச்சு முடிகிறவரை அந்த வீட்டில் காப்பிகூடக் குடிக்க மாட்டோம். எல்லாம் ஒத்துவந்த பிறகு ஒரு நல்ல நாளில் போய், இலை போட்டு உட்கார்ந்து சாப்பிடுவோம். அன்றைக்கு முதல் பந்தியில் முதல் இலை பெண்ணைப் பெற்றவனுக்கு. அந்த இலையில் அவன் கை வைத்துவிட்டால் சம்பந்தம் உறுதி. அதற்காகவே நான் பட்டுச் சட்டை தைத்திருந்தேன்.

கூடத்தில் இரண்டு பக்கத்து உறவும் நிறைந்திருந்தது. உள்ளே இலை போட்டுக்கொண்டிருந்தார்கள். சம்பந்தி எழுந்து நின்று கையைத் தட்டினார்.

"எங்க வீட்ல ஒரு பழக்கம் சம்பந்தி. விசேஷம்னா, சாப்பாட்டுக்கு முன்னாடி ஒரு கணக்கு விடுகதை. சொல்லத் தெரியாதவங்க பந்தியில ரசம் ஊத்தணும். சும்மா ஜாலிக்குத்தான்."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

"சம்பந்தியையே கேக்கறேன். சிம்பிள் கணக்கு. மூணு இலக்க எண் ஒண்ணு. அந்த மூணு இலக்கத்தையும் கூட்டுங்க. கூட்டி வர்ற எண்ணை மூணு தடவை வச்சுப் பெருக்குங்க. மறுபடி அதே எண் வரணும். என்ன எண்?"

எனக்குத் தெரிந்த கணக்கு சதுர அடிக் கணக்கு. எந்த ஹாலுக்கும் எத்தனை பெட்டி டைல்ஸ் வேண்டும் என்று வாசலில் நின்றே சொல்வேன். ஆனால் இப்படிச் சுற்றி வளைத்து யாரும் என்னைக் கேட்டதில்லை. வியர்த்தது. பட்டுச் சட்டை முதுகில் ஒட்டிக்கொண்டது.

"இருநூறு?" என்றேன்.

"ரெண்டும் சைபரும் சைபரும் ரெண்டு. ரெண்டை மூணு தடவை பெருக்கினா எட்டு. இருநூறுக்கும் எட்டுக்கும் எவ்ளோ தூரம் சம்பந்தி! தாம்பரத்துல ஏறி சென்ட்ரல்ல இறங்கற மாதிரி இருக்கே!"

கூடமே வெடித்துச் சிரித்தது. என் மைத்துனனும் சிரித்தான். அவனையும் நான் மறக்கவில்லை.

"ஐந்நூத்துப் பன்னிரண்டு சம்பந்தி! அஞ்சும் ஒண்ணும் ரெண்டும் எட்டு. எட்டெட்டு அறுபத்துநாலு, அறுபத்துநாலெட்டு ஐந்நூத்துப் பன்னிரண்டு. யாராவது சம்பந்திக்கு வாளி கொண்டு வாங்க!"

விளையாட்டு என்றார்கள். மறுத்தால் என்ன ஆகும்? சம்பந்தம் உறுதியாகிற நாளில் பெண்ணைப் பெற்றவன் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டான் என்று பேசுவார்கள். என் மனைவி கண்ணாலேயே கெஞ்சினாள். நான் வாளியை வாங்கிக்கொண்டேன். முதல் இலையில் உட்கார வேண்டியவன், பட்டுச் சட்டையோடு குனிந்து குனிந்து அவர்கள் பக்கத்துப் பொடிசுகளுக்கெல்லாம் ரசம் ஊற்றினேன். என் இலையில் அவர் உட்கார்ந்திருந்தார். "சம்பந்தி, இங்க கொஞ்சம்" என்று விரலால் இலையைத் தட்டினார். ஊற்றும்போது சூடான ரசம் மணிக்கட்டில் சிந்தியது. கை நனைக்கப் போன வீட்டில் கையைச் சுட்டுக்கொண்டு வந்தவன் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

யாரோ போட்டோ எடுத்திருந்தார்கள். திரும்பி வந்து வீட்டுக் கதவைத் திறப்பதற்குள், புதிதாகத் தொடங்கியிருந்த இரண்டு குடும்பத்து வாட்ஸ்அப் குழுவில் அது வந்துவிட்டது. குனிந்திருக்கும் நான், வாளி, கரண்டி. கீழே சம்பந்தி எழுதியிருந்தார்: "எங்கள் ரசம் சம்பந்தி."

அன்றிலிருந்து நான் ரசம் சாப்பிடுவதை நிறுத்திவிட்டேன்.

கல்யாணம் நடந்தது. நன்றாகவே நடத்தினேன். ஆனால் மனதுக்குள் ஒரு வாளி தொங்கிக்கொண்டே இருந்தது. கடையின் பின்பக்கத்தில், தோட்டப் பாதைகளுக்குப் போடும் கருங்கல் கட்டைகள் கிடக்கும். எல்லாப் பக்கமும் ஒரே அளவாக அறுத்த கட்டைகள். மத்தியானம் கடையில் ஆள் குறையும்போது அங்கே போய் உட்கார்ந்துவிடுவேன். ஒரு கல் வைப்பேன். அதைப் பெரிய சதுரமாக்க, அதன் இரண்டு பக்கத்திலும் மூலை மட்டம் மாதிரி வளைத்து மூன்று கல். மொத்தம் நான்கு. மறுபடி வளைத்து ஐந்து. ஒன்பது. அடுத்து ஏழு. பதினாறு. ஒற்றைப்படை எண்களை வரிசையாகச் சேர்த்துக்கொண்டே போனால் சதுரம் தானாக வளர்கிறது! இத்தனை வருடம் தரையில் மண்டியிட்டு இதைத்தானே செய்துகொண்டிருந்தேன், யாராவது சொன்னார்களா?

பிறகு கல்லை மேலே அடுக்கத் தொடங்கினேன். இரண்டுக்கு இரண்டுக்கு இரண்டு, எட்டு. மூன்றடுக்கு, இருபத்தேழு. நாலடுக்கு, அறுபத்துநாலு. லோடு இறக்குபவர்கள் முதலாளிக்கு ஏதோ ஆகிவிட்டது என்று பேசிக்கொண்டார்கள்.

அப்படி அடுக்கிக்கொண்டே போனபோதுதான் அந்த ஐந்நூற்றுப் பன்னிரண்டின் சூட்சுமம் பிடிபட்டது. மூன்று இலக்கத்தில் வரும் கன எண்களே ஐந்துதான். நூற்றிருபத்தைந்து, இருநூற்றுப் பதினாறு, முந்நூற்று நாற்பத்துமூன்று, ஐந்நூற்றுப் பன்னிரண்டு, எழுநூற்று இருபத்தொன்பது. ஒவ்வொன்றின் இலக்கத்தையும் கூட்டிப் பார்த்தால் போதும், விடை கையில் விழுந்துவிடும். இவ்வளவுதானா! இந்த அற்ப விஷயத்துக்கா நான் குனிந்தேன்? தெரியாமல் தோற்றபோது வந்த கோபத்தைவிட, தெரிந்த பிறகு வந்த கோபம் பெரியது.

குழுவில் சம்பந்தி காலையில் பூப்படத்தோடு விடுகதை போடுவார். ஒரு நாள் போட்டார்: "இரண்டு இலக்க எண். இலக்கங்களைக் கூட்டி, வந்ததை அதனாலேயே பெருக்கினால் அதே எண் வர வேண்டும்." காப்பி ஆறுவதற்குள் பதில் போட்டேன். எண்பத்தொன்று. எட்டும் ஒன்றும் ஒன்பது, ஒன்பதொன்பது எண்பத்தொன்று.

குரல் பதிவு வந்தது. "ஆஹா, சம்பந்தி! பக்கத்துல யாரோ படிச்சவங்க உக்காந்திருக்காங்க போல! அவங்களுக்கு ஒரு சபாஷ்!" பின்னாலேயே அந்த ரசப் படம் மறுபடி.

போனில் ஜெயித்தால் அது ஜெயம் இல்லை என்று அப்போது புரிந்தது. அதே ஜனம் பார்க்க வேண்டும். அதே வாளியை அவர் தூக்க வேண்டும். அதற்குக் குறைந்து எதுவும் எனக்கு வேண்டாம்.

மகள் உண்டானாள். சந்தோஷம் ஒரு பக்கம். வளைகாப்பு என்ற சொல் காதில் விழுந்ததும் எனக்குள் இன்னொரு பக்கமும் விழித்துக்கொண்டது. எங்கள் வழக்கப்படி வளைகாப்பை மாப்பிள்ளை வீட்டில் வைத்துப் பெண்ணை அழைத்து வருவோம். நான் என் வீட்டில்தான் என்று நின்றேன். இடம் பெரிது, கார் நிறுத்த வசதி, எல்லாம் சொன்னேன். உண்மையான காரணம் என் ஹால் சரியான சதுரம் என்பது. இரண்டடி டைல் போட்டால் பக்கத்துக்குப் பத்து, ஒரு துண்டுகூட வெட்ட வேண்டியதில்லை.

நல்லாயிருந்த தரையைப் பெயர்த்தேன். நடுவில் வெள்ளை, சுற்றி ஒரே ஒரு வரிசை கறுப்பு பார்டர். ஓரத்தை நானே போட்டேன், முட்டி வலியோடு.

என் மனைவி இடுப்பில் கை வைத்து நின்றாள். "இன்னாத்துக்கு இப்போ இந்த வேலை? நல்லாத்தானே இருந்துச்சு?"

"வூட்டுக்கு விசேஷம் வருதில்ல."

"எனக்குத் தெரியாதா உங்களை? அந்த ரசத்தை இன்னும் முழுங்காம வாயிலயே வச்சினு கீறீங்க. நம்ம பொண்ணு அங்கதான் வாழணும், ஞாபகம் வச்சுக்குங்க."

மகளும் போனில் கெஞ்சினாள். "அப்பா, ப்ளீஸ். மாமா விளையாட்டாதான் பண்ணார். நீங்க எதுவும் ஆரம்பிக்காதீங்க. அவர் மூஞ்சி தூக்கினா வீட்ல நான்தான்ப்பா பாக்கணும்."

"நானும் விளையாட்டாதாம்மா பண்ணப் போறேன்," என்றேன்.

வளைகாப்பு அன்று அதே ஜனம் வந்து இறங்கியது. ஹாலில் ஜமக்காளம் விரிக்கும்போது நான் நின்று பார்த்தேன். நடுவையும் மூன்று பக்கத்து ஓரத்தையும் மூடிவிட்டு, வாசல் பக்கம் மட்டும் கறுப்பு வரிசை முழுசாகத் தெரியும்படி விடச் சொன்னேன். மகளுக்கு வளையல் அடுக்கினார்கள், சந்தனம் பூசினார்கள், பாட்டுப் பாடினார்கள். உள்ளே இலை போடும் சத்தம் கேட்டது. நான் எழுந்து கையைத் தட்டினேன்.

"சம்பந்தி வூட்டுப் பழக்கம் ஒண்ணு கீது. நல்ல பழக்கம். அதை நம்ம வூட்லயும் வச்சுக்கலாம்னு பாக்கறேன்."

சம்பந்தி நாற்காலியில் நன்றாகச் சாய்ந்துகொண்டார். "அடடே, கேளுங்க கேளுங்க. சம்பந்தி நமக்கே பாடம் எடுக்கப் போறார்!"

சிரிப்பு. சிரிக்கட்டும் என்று விட்டேன்.

"இந்த ஹால் சதுரம். நாலு பக்கமும் ஒரே அளவு. சுத்தி ஒரே ஒரு வரிசை கறுப்பு, உள்ள எல்லாம் வெள்ளை. அதோ, வாசப் பக்கம் தெரியுது பாருங்க, எண்ணிக்கங்க."

அவர் கண்ணாடியை இறக்கி, விரல் நீட்டி எண்ணினார். "பத்து."

"ஹால்ல மொத்தம் எத்தனை கறுப்பு, எத்தனை வெள்ளை?"

என் கடைக்கு வரும் நூறு பேரைக் கேட்டால் தொண்ணூறு பேர் செய்யும் தப்பு ஒன்று இருக்கிறது. பார்டருக்குக் கல் கேட்டு வருபவர்கள் பக்கத்தை எண்ணி நாலால் பெருக்கிக்கொண்டு வருவார்கள். நான் திருத்திச் சொன்னால் முறைப்பார்கள். நிதானமாக யோசித்தால் சம்பந்திக்கு இது தெரியாமல் போகாது. ஆனால் ஜனம் பார்த்துக்கொண்டிருக்கும்போது அவரால் நிதானமாக இருக்க முடியாது. அதை அவர் வீட்டிலேயே நான் பார்த்து வைத்திருந்தேன். கேட்டு முடிப்பதற்குள் விடை சொல்ல வேண்டும், அதுதான் அவருக்குப் பெருமை.

"இது ஒரு கணக்கா சம்பந்தி? மொத்தம் பத்துப் பத்து நூறு. கறுப்பு பத்து நாலு நாப்பது. மிச்சம் வெள்ளை அறுபது. ரசம் சூடா இருக்கா? ஊத்த ரெடியா இருங்க!"

கைதட்டினார்கள். என் மைத்துனன் விசிலே அடித்தான்.

"முடிவா சொல்றீங்களா? மாத்த மாட்டீங்களே?"

"என்னத்த மாத்தறது? நாப்பது, அறுபது. எழுதி வச்சுக்கங்க."

"செரி. இப்போ ஒரு துப்பு தரேன். கறுப்பு எவ்ளோவோ அது ஒரு சதுர எண். வெள்ளையும் சதுர எண். வெள்ளை கன எண்ணாவும் வரும். அறுபது எதோட வர்க்கம் சம்பந்தி?"

அவர் கண் வாசல் பக்கக் கறுப்பு வரிசைக்குப் போனது, ஜமக்காளத்துக்குப் போனது, மறுபடி வரிசைக்கு வந்தது. விரல்கள் மடியில் ஏதோ எண்ணின. இந்த முகத்துக்காகத்தான் நான் தரையைப் பெயர்த்தேன். ஒவ்வொரு கல்லுக்கும் தகும். நான் விடையைச் சொல்ல மூச்சை இழுத்தேன்.

"முப்பத்தாறு," என்று பெண்கள் பக்கமிருந்து ஒரு குரல் வந்தது. "வெள்ளை அறுபத்துநாலு."

சம்பந்தியம்மா. சம்பந்தியின் மனைவி. கையில் என் மகளுக்குப் போட்டது போக மிச்ச வளையல்களை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அந்த அம்மா நாலு பேர் முன்னால் குரல் உயர்த்தி நான் கேட்டதே இல்லை.

"மூலைக்கல்லு ரெண்டு பக்கத்துக்கும் பொது," என்றார். "இவர் நாலு மூலையையும் ரெண்டு தடவை எண்ணிட்டார். நாப்பதுல நாலு போனா முப்பத்தாறு. ஆறாறு முப்பத்தாறு. எட்டெட்டு அறுபத்துநாலு. நாலை மூணு தடவை வச்சுப் பெருக்கினாலும் அறுபத்துநாலு."

"ஏய், உனக்கு என்ன தெரியும், சும்மா இரு," என்றார் சம்பந்தி.

அம்மா அவரைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார். "நீங்க கை நனைக்க வந்த அன்னைக்கு இவர் கேட்டாரே அண்ணா, ஐந்நூத்துப் பன்னெண்டு? அது ஏதோ பழைய புஸ்தகத்துல இருந்தது. விடை இருந்த பக்கம் கிழிஞ்சு போச்சு. ரெண்டு நாள் மண்டைய உடைச்சுக்கிட்டார். நான் தேங்கா துருவிக்கிட்டே சொன்னேன். உங்க கையில வாளியக் கொடுக்கப் போறார்னு எனக்குத் தெரியாது. தெரிஞ்சிருந்தா சொல்லியிருக்க மாட்டேன்."

சம்பந்தியின் அக்காதான் முதலில் சிரித்தார். அப்புறம் ஒருவர் பாக்கியில்லை. மாப்பிள்ளை முகத்தைத் திருப்பிக்கொண்டான், தோள் குலுங்கியது.

"ஜமக்காளத்த எடுங்க, எண்ணிப் பாக்கணும்," என்று சம்பந்தி எழுந்தார். எடுத்தார்கள். ஜனமே சேர்ந்து சுற்றி வந்து சத்தமாக எண்ணியது. முப்பத்தாறில் நின்றபோது போட்ட கூச்சல் தெருமுனை வரை கேட்டிருக்கும்.

ஒன்று சொல்கிறேன். அந்த நேரத்தில் எனக்குக் கொஞ்சம் எரிச்சலாகவும் இருந்தது. தரையைப் பெயர்த்தவன் நான். முட்டி தேய்ந்தவன் நான். கடைசி அடியை அந்த அம்மா வந்து அடித்துவிட்டுப் போய்விட்டார். ஆனால் யோசித்துப் பார்த்தால், என் அடி அந்த இடத்தில் அவ்வளவு ஆழமாக விழுந்திருக்காது. எனக்கு ஒரு மத்தியானத்துக் கணக்கு. அந்த அம்மாவுக்கு எத்தனை வருடத்துக் கணக்கோ.

"சம்பந்திக்கு வாளி கொண்டு வா!" என்று என் மனைவியிடம் சொன்னேன். அவள் முறைத்துக்கொண்டே, ஆனால் நிரம்பத் தளும்பக் கொண்டு வந்தாள்.

மகளுடைய முகத்தைப் பார்த்தேன். கோபமாகத்தான் இருந்தாள். அதன் பிறகு கொஞ்ச நாள் என்னோடு சரியாகப் பேசவில்லை. அவள் பயந்த மாதிரி அந்த வீட்டில் அவளுக்கு எதுவும் ஆகவில்லை. மாமியார் அவள் பக்கம் உட்கார்ந்துவிட்டார், அப்புறம் யார் மூஞ்சியைத் தூக்கி என்ன? ஆனால் அது எனக்கு முன்கூட்டியே தெரியாது. தெரியாமல்தான் செய்தேன். மறுபடி அந்த நாள் வந்தாலும் செய்வேன்.

முதல் பந்தியில் முதல் இலையில் நான் உட்கார்ந்தேன். பக்கத்து இலையில் சம்பந்தியம்மாவை உட்காரச் சொன்னேன். எப்போதும் கடைசிப் பந்திதான் அண்ணா என்று தயங்கினார். இன்றைக்கு இல்லை என்றேன்.

வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு சம்பந்தி வரிசையின் மறுகோடியிலிருந்து வந்தார். அவரும் சில்க் சட்டைதான். போட்டோ எடுக்க எல்லார் கையிலும் போன் தயாராக இருந்தது. குனிந்தார். எத்தனை பேர் எடுத்தார்கள் என்று தெரியாது. குழுவில் வந்ததை எல்லாம் நான் பத்திரமாக வைத்திருக்கிறேன்.

சம்பந்தியம்மா சோற்றில் குழி செய்து காத்திருந்தார். சம்பந்தி ஊற்றிவிட்டு நகரப் போனார்.

"இன்னும் கொஞ்சம்," என்றார் அம்மா.

ஊற்றினார்.

"மேல இருக்கறது தெளிவு. அடியில கலக்கி ஊத்துங்க."

கலக்கி ஊற்றினார். கரண்டி வாளியில் இடித்துச் சத்தம் போட்டது. அந்த அம்மா குனிந்த தலை நிமிராமல் பிசைந்து சாப்பிட்டார், ருசித்து, அவசரமே இல்லாமல்.

அடுத்து என் இலை. வேண்டாம் என்று நான் கையை நீட்டுவேன் என எதிர்பார்த்தாரோ என்னவோ, வாளியைத் தள்ளிப் பிடித்தார். கை நனைத்த நாளிலிருந்து வீட்டில்கூட நான் தொடாத ரசம். விரலால் இலையைத் தட்டினேன்.

"சம்பந்தி, இங்க கொஞ்சம்."

ஊற்றினார். மிளகு தூக்கலாக இருந்தது. இரண்டாவது முறையும் வாங்கிச் சாப்பிட்டேன்.